வீட்டில் பீஃப் ஸ்டிர் ஃப்ரை: கறி ரப்பராகிறது, காய் குழைகிறது. எங்கே தவறு செய்கிறேன்?

வைகைக்கரை கேட்டது:

வணக்கம். மதுரை அண்ணா நகரில் குடியிருக்கிறோம். எங்கள் வீட்டில் ஞாயிற்றுக்கிழமைச் சமையல் என்னுடைய பொறுப்பு. மாட்டுக்கறியில் குழம்பு, சுக்கா, பிரியாணி எல்லாம் ஓரளவு கைவந்துவிட்டன. ஆனால் காய்கறி சேர்த்துச் சீன முறையில் பெருந்தீயில் வதக்கி, சில நிமிடங்களில் இறக்கிவிடும் ஸ்டிர் ஃப்ரை மட்டும் நான்கு வாரமாக எனக்குப் பிடிகொடுக்கவில்லை.

நான் செய்ததை மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். அரைக் கிலோ தொடைக்கறியைக் கடையிலேயே குழம்புத் துண்டுகளாகப் போடச் சொல்லி வாங்கி வந்து, வீட்டில் அவற்றை இரண்டிரண்டாக நறுக்கி, மூன்று தண்ணீரில் அலசி, சோயா சாஸ், இஞ்சி பூண்டு விழுது, மிளகுத்தூள், உப்பு ஆகியவற்றில் ஒரு மணி நேரம் ஊற வைத்தேன். நான்ஸ்டிக் சட்டியில் எண்ணெய் ஊற்றி, பெரிய பர்னரை முழுவதும் திறந்துவிட்டு, கறி முழுவதையும் ஒரேயடியாகக் கொட்டினேன். முதல் அரை நிமிடம் நல்ல ஓசை கேட்டது. பிறகு அந்த ஓசை அடங்கி, சட்டியின் ஓரங்களில் சாம்பல் நிறத்தில் நுரையோடு தண்ணீர் ஊறத் தொடங்கியது. கறி அதிலேயே கிடந்து கொதித்தது. தண்ணீர் வற்றுவதற்குள் கறி இறுகிவிட்டது, இடையில் போட்ட குடமிளகாயோ தோல் வேறு சதை வேறாகக் கழன்றுவிட்டது. என் இளைய மகள் ஒரு துண்டை நெடுநேரம் கன்னத்தில் ஒதுக்கி வைத்திருந்து, நான் பார்க்காத சமயத்தில் அதைத் தட்டின் ஓரத்தில் முட்டைக்கோஸுக்கு அடியில் மறைத்து வைத்தாள்.

நான்காவது வாரம் எச்சரிக்கையாகக் கறித்துண்டுகளைக் குக்கரில் வேகவைத்துவிட்டுச் சட்டிக்கு மாற்றினேன். அப்போது அது நார் நாராகப் பிரிந்து, காய் போட்ட குழம்பைப்போல ஆகிவிட்டது. காணொளிகளில் பார்க்கும்போது மூன்றே நிமிடத்தில் பஞ்சுபோல் வெந்துவிடுகிறதே, அது எப்படி? கடையில் எந்தக் கறியைக் கேட்டு வாங்க வேண்டும், ஆப்ப சோடா போடுவதா பப்பாளிக்காய் போடுவதா, வீட்டு அடுப்பின் தீ இதற்குப் போதுமா என்பவற்றை அனுபவமுள்ளவர்கள் சொன்னால் நன்றியுடையவனாக இருப்பேன்.

நெல்பேட்டைவாசி எழுதியது:

தம்பி, உங்கள் கைப்பக்குவத்தில் பெரிய குற்றம் இல்லை. கறியைப் பற்றித்தான் முதலில் பேச வேண்டும். நான் கறிக்கடைக் குடும்பத்தில் பிறந்தவன். நீங்கள் பார்க்கும் காணொளிகளில் இருப்பது இறைச்சிக்கென்றே வளர்த்து, இரண்டு வயதை ஒட்டி அறுக்கப்படும் இளம் மாட்டின் கறி. நம் ஊர்க் கடைக்கு வருவது அப்படிப்பட்டதன்று. 1958ஆம் ஆண்டின் தமிழ்நாட்டு விலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி, 10 வயதைக் கடந்து, வேலைக்கும் இனவிருத்திக்கும் உதவாது என்று சான்று பெற்ற மாட்டைத்தான் பொதுவாக அறுக்க முடியும். எருமைக்கும் இதே விதிதான். ஆகவே உழுதும் வண்டி இழுத்தும் தேய்ந்த உடம்பு நம்மிடம் வருகிறது. வயது ஏற ஏறத் தசைநார்களைக் கட்டி வைத்திருக்கும் சவ்வு முறுக்கேறிக்கொண்டே போகும். அது மூன்று நிமிடச் சூட்டில் இளகாது. நீண்ட நேரம் ஈரச் சூட்டில் கிடந்தால்தான் கூழாகிக் கரையும். நம் வீடுகளில் பெரிய கறி என்றாலே குழம்பாகவும் தால்சாவாகவும் மெதுவாக வேகவைத்ததற்குக் காரணம் இதுதான் என்பது என் எண்ணம்.

அதற்காக ஸ்டிர் ஃப்ரையை விட்டுவிட வேண்டியதில்லை, சவ்வு குறைந்த இடத்தைக் கேட்டு வாங்கினால் போதும். முதுகெலும்பின் உட்புறத்தில் பக்கத்துக்கு ஒன்றாக நீளவாட்டில் கிடக்கும் சதையை அண்டர்கட் என்போம். அந்தத் தசைக்கு மாட்டின் ஆயுள் முழுவதும் அதிக வேலை இல்லாததால், கிழட்டு மாட்டிலும் அது மட்டும் மென்மையாகவே இருக்கும். ஒரு மாட்டுக்கு இரண்டே துண்டு என்பதால் உணவகக்காரர்கள் முன்கூட்டியே சொல்லி வைத்து எடுத்துப் போய்விடுவார்கள். விலையும் கூடுதலாக இருக்கும். அது கிடைக்காதபோது பின்னந்தொடையில் எலும்பும் வெள்ளைச் சவ்வும் இல்லாத முழுச் சதையாக அரைக் கிலோ கேளுங்கள். கழுத்து, நெஞ்சு, கால் சதை ஆகியவை குழம்புக்கு அருமையானவை, உங்கள் சட்டிக்கு ஆகாதவை. கொழுப்பைக் கவனித்தால் வெண்மையாக இருப்பது எருமை என்றும், சற்று மஞ்சள் ஓடியிருப்பது மாடு என்றும் பெரும்பாலும் அடையாளம் கண்டுகொள்ளலாம். எருமைக் கறியின் நிறமும் அழுத்தமாக இருக்கும்.

இரண்டு செய்திகளைக் குறித்துக்கொள்ளுங்கள். முதலாவது, கடைக்காரர் கையில் வெட்டக் கொடுக்காதீர்கள். அவர் வேகத்துக்கு நாரின் போக்கைப் பார்க்க மாட்டார், நானும் கடையில் நின்ற காலத்தில் பார்த்ததில்லை. இரண்டாவது, காலையில் அறுத்த கறியை மதியமே வதக்காதீர்கள். அறுத்த சில மணி நேரத்தில் தசை விறைத்துக்கொள்ளும். அந்த விறைப்புத் தளர ஒரு நாளுக்கு மேல் ஆகும். முழுத் துண்டாகவே மூடிய பாத்திரத்தில் போட்டுக் குளிர்சாதனப் பெட்டியின் கீழ்த்தட்டில் ஒன்றிரண்டு நாள் வைத்திருங்கள். வெள்ளிக்கிழமை வாங்கி ஞாயிற்றுக்கிழமை சமைத்தால் வித்தியாசம் பல்லுக்கே தெரியும்.

சமைப்பதற்கு முன் அந்தத் துண்டை உறைபெட்டியில் முக்கால் மணி நேரம் வைத்து எடுங்கள். கல்லாக உறையாமல் மெழுகுக் கட்டிபோல் இறுகியிருக்கும்போது கத்தி வழுக்காமல் இறங்கும். கறியின் மேல் நார் எந்தத் திசையில் ஓடுகிறது என்று விரலால் தடவிப் பார்த்து, அதற்குக் குறுக்காக, இரண்டு மூன்று மில்லிமீட்டர் கனத்தில் சீவுங்கள். நாரோடு ஒட்டி நீளவாக்கில் வெட்டினால் அந்த நார் முழுவதையும் உங்கள் மகளின் பல்தான் அறுக்க வேண்டியிருக்கும். குறுக்கே வெட்டினால் அந்த வேலையைக் கத்தி முடித்துவிடும்.

திருமங்கலம் அடுப்படி எழுதியது:

மேலே பெரியவர் கறியைப் பற்றிச் சொல்லியிருப்பதற்குமேல் நான் சேர்க்க ஒன்றும் இல்லை. நான் துரித உணவுக் கடைகளின் அடுப்பில் பதினோரு ஆண்டுகள் நின்றவன் என்பதால் தீயையும் தண்ணீரையும் பற்றி மட்டும் எழுதுகிறேன்.

சட்டியில் தண்ணீர் நிற்கும்வரை அதன் சூடு 100 டிகிரியைத் தாண்டாது. கறியின் மேல் பொன்னிறமும் வறுத்த மணமும் ஏறுவதற்கு 140 டிகிரி அளவிலாவது சூடு வேண்டும். அரைக் கிலோ குளிர்ந்த, ஈரமான கறியை ஒரேயடியாகக் கொட்டியபோது சட்டியின் சூடு முழுவதையும் அது விழுங்கிவிட்டது. பிறகு கறி விட்ட தண்ணீரை ஆவியாக்குவதற்கே உங்கள் பர்னரின் பலம் போதவில்லை. கடையில் இரைச்சலோடு எரியும் பர்னர், வீட்டு பர்னரைப்போலப் பல மடங்கு வெப்பம் தரும். அங்கே நாங்கள் செய்ததை இங்கே அப்படியே செய்ய முடியாது. ஆனால் அளவைக் குறைத்தால் வீட்டு அடுப்பே போதும். அரைக் கிலோவை மூன்று ஈடாகப் பிரித்து, துண்டுகள் ஒன்றன்மேல் ஒன்று ஏறாதபடி பரப்பிப் போடுங்கள். போட்டவுடன் கிளறாதீர்கள். முக்கால் நிமிடம் கைவைக்காமல் விட்டுவிட்டு, அடிப்பக்கம் நிறம் மாறியதும் ஒருமுறை புரட்டி, அடுத்த அரை நிமிடத்தில் தட்டில் எடுத்துவிடுங்கள். ஓசை அடங்குகிறது என்றால் தண்ணீர் சேர்கிறது என்று பொருள். அடுத்த ஈட்டை இன்னும் குறைத்துப் போட வேண்டும். காதால் சமைக்க வேண்டிய பண்டம் இது.

நான்ஸ்டிக் சட்டியை இதற்குத் தொடாதீர்கள். 260 டிகிரியை நெருங்கினால் அதன் பூச்சு சிதைந்து புகை விடத் தொடங்கும். கனமான இரும்பு வடைச்சட்டி நல்லது. அதைவிட நல்லது, என் அனுபவத்தில், பழகிய இரும்புத் தோசைக்கல். நம் ஊரில் கொத்துப் பரோட்டா போடும் மாஸ்டரைக் கவனித்திருப்பீர்கள்: முட்டை, வெங்காயம், தக்காளி, சால்னா என்று அவ்வளவு ஈரத்தை ஊற்றியும் அது சொதசொதவென்று ஆவதில்லை. கல் அகலமாகவும் கனமாகவும் இருப்பதால் சூடு இறங்குவதில்லை, ஆவியும் தங்க இடமில்லாமல் போய்விடுகிறது. அதே கணக்கு இதற்கும் பொருந்தும். எண்ணெயைப் பொறுத்தவரை சுத்திகரித்த கடலை எண்ணெய் போதும். செக்கு எண்ணெய் அந்தச் சூட்டில் சீக்கிரமே புகைந்து கசக்கும், நல்லெண்ணெயின் மணமோ எல்லாவற்றையும் மூடிவிடும்.

அடுத்தது ஆப்ப சோடா. சீவிய அரைக் கிலோ கறிக்கு அரைத் தேக்கரண்டி சோடாவை இரண்டு மேசைக்கரண்டித் தண்ணீரில் கரைத்துப் பிசறி, 20 நிமிடம் வைத்து, பிறகு தாராளமாகத் தண்ணீர் விட்டு அலசிவிடுங்கள். சோடாவின் காரத்தன்மை பட்ட புரதம் சூட்டில் இறுக்கமாகச் சுருங்காது. சுருங்காததால் தன்னுள் இருக்கும் நீரைப் பிழிந்து வெளியே தள்ளாது. அலசிய பிறகு பருத்தித் துணியில் ஒற்றி ஈரத்தை எடுப்பது மிக முக்கியம், நீங்கள் தவறவிட்ட இடமும் இதுதான் என்று நினைக்கிறேன். ஒற்றிய கறியில் ஒரு மேசைக்கரண்டி சோயா சாஸ், ஒரு மேசைக்கரண்டி சோள மாவு, ஒரு மேசைக்கரண்டி எண்ணெய் சேர்த்துப் பிசறி வைத்தால், மாவு மெல்லிய போர்வைபோல் ஒட்டிக்கொண்டு சாற்றை உள்ளேயே நிறுத்தும். உப்பு வேண்டாம். இஞ்சி பூண்டு விழுதும் வேண்டாம். விழுது கருகிச் சட்டியில் பிடிக்கும். பூண்டை நறுக்கிக் கடைசியில் போடுங்கள். கொடைக்கானல் மலைப்பூண்டு கிடைத்தால் வழக்கமான அளவில் பாதி போதும், அதன் காரம் அப்படி.

காய்களைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன். கேரட்டையும் பீன்ஸையும் கொதிக்கும் நீரில் ஒரு நிமிடம் போட்டு எடுத்து, துணியில் பரப்பி உலர்த்துங்கள். குடமிளகாயையும் இதழ் இதழாகப் பிரித்த பெரிய வெங்காயத்தையும் பச்சையாகவே போடலாம். கறியை எடுத்துவிட்ட அதே கல்லில் காய்களை இரண்டு நிமிடம் பெருந்தீயில் வதக்கி, கறியைத் திரும்பச் சேர்த்து, முன்கூட்டியே கிண்ணத்தில் கலந்து வைத்த சாற்றை (ஒரு மேசைக்கரண்டி சோயா, ஒரு தேக்கரண்டி வினிகர், அரைத் தேக்கரண்டி சர்க்கரை, ஒரு தேக்கரண்டி சோள மாவு, நான்கு மேசைக்கரண்டித் தண்ணீர், இடித்த மிளகு) ஓரமாக ஊற்றிப் புரட்டினால் அரை நிமிடத்தில் பளபளப்பாக ஒட்டிக்கொள்ளும். வடைச்சட்டி என்றால் சிந்தாமல் புரட்ட வசதியாக இருக்கும். கல் என்றால் சாற்றைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தெளியுங்கள்.

பசுமலை அக்கா எழுதியது:

தம்பிகள் எழுதியவற்றைப் படித்தேன். எல்லாம் சரிதான், ஆனால் எல்லா வாரமும் அண்டர்கட் கிடைப்பதில்லை. கிடைத்த கறியை வைத்துக்கொண்டு எட்டுப் பேருக்குச் சமைக்க வேண்டிய வீடு என்னுடையது. குக்கர் முறையைக் கேள்வி கேட்டவர் கைவிட்டுவிட வேண்டாம் என்று சொல்லவே எழுதுகிறேன். அவர் செய்த தவறு குக்கரில் வேகவைத்தது அன்று, துண்டு போட்ட பிறகு வேகவைத்தது.

கறியை வெட்டாமல் முழுக் கட்டியாகவே குக்கரில் வையுங்கள். ஒரு குவளைத் தண்ணீர், தட்டிய இஞ்சி, கொஞ்சம் உப்பு ஆகியவை போதும். முதல் விசில் வந்தபின் தீயைத் தணித்து 15 முதல் 20 நிமிடம். குக்கருக்குள் சூடு ஏறத்தாழ 120 டிகிரிவரை போவதால், திறந்த பாத்திரத்தில் இரண்டு மணி நேரம் பிடிக்கும் சவ்வு அதற்குள் இளகத் தொடங்கிவிடும். கத்தி முனையால் குத்தினால் இறங்க வேண்டும், ஆனால் கட்டி உடையக் கூடாது. அதை ஆறவிட்டு, குளிர்சாதனப் பெட்டியில் இரண்டு மணி நேரம் வைத்தால் நன்றாக இறுகிக்கொள்ளும். அதன்பின் நாருக்குக் குறுக்கே சீவினால் உதிராமல் ஒழுங்கான வில்லைகளாக வரும். துணியில் ஒற்றிச் சோள மாவு தூவி, சூடான வடைச்சட்டியில் இரு பக்கமும் சிவக்க விட்டு எடுங்கள். வெந்த கறி என்பதால் அவசரம் இல்லை. குக்கரில் எஞ்சிய சாற்றை வீணாக்காமல் அதிலேயே சோயாவும் சோள மாவும் கரைத்து ஊற்றினால் கடை சாஸ் எதுவும் தேவைப்படாது.

பப்பாளிக்காயைப் பற்றி ஓர் எச்சரிக்கை. ஒரு கிறிஸ்துமஸ் முந்தைய இரவில், மென்மையாக வரட்டும் என்று ஆசைப்பட்டுத் தோலோடு அரைத்த பப்பாளிக்காய் விழுதை மூன்று மேசைக்கரண்டி போட்டுக் கறியை விடியும்வரை ஊற வைத்தேன். காலையில் தொட்டால் மேற்புறம் ஊறிய ரொட்டியைப்போல விரலோடு வந்தது. உள்ளே பழைய கடினம் அப்படியே இருந்தது. பப்பாளிப் பாலிலுள்ள நொதி தான் தொடும் இடத்தைத்தான் கரைக்கும், கனத்த துண்டுக்குள் அது இறங்காது. அடுப்பில் வைத்ததும் முதலில் ஏறும் சூட்டில் அதன் வேகம் இன்னும் கூடும். சீவிய அரைக் கிலோ கறிக்கு ஒரு தேக்கரண்டி விழுது, அரை மணி நேரம், அதற்குமேல் வேண்டாம்.

திருமங்கலம் அடுப்படி எழுதியது:

அக்கா, நீங்கள் சொன்ன முறையில் கறி மென்மையாக வரும் என்பதில் எனக்குச் சந்தேகம் இல்லை. ஆனால் அதை ஸ்டிர் ஃப்ரை என்று நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். குடமிளகாய் போட்ட சுக்கா என்று வேண்டுமானால் சொல்லலாம். பச்சைக் கறி சூடான இரும்பில் பட்டு உள்ளே சாறு நிற்கும் பக்குவம் வேறு, வெந்த கறியை வறுக்கும் பக்குவம் வேறு.

பசுமலை அக்கா எழுதியது:

பெயர் எதுவாக இருந்தாலும் தட்டின் ஓரத்தில் மறைத்து வைக்கப்படாமல் இருந்தால் சரி, தம்பி. நீங்கள் அடுப்பில் நின்ற இடங்களில் பல் இல்லாத மாமியார்கள் சாப்பிட வந்திருக்க மாட்டார்கள்.

கே.கே. நகர் வாசகி எழுதியது:

ஒரு சிறு குறிப்பு. இரத்த அழுத்தம் உள்ளவர்கள் வீட்டில் இருந்தால் சோயா சாஸின் அளவைக் கவனியுங்கள். வழக்கமான சோயா சாஸ் ஒரு மேசைக்கரண்டியில் ஏறத்தாழ 900 மில்லிகிராம் சோடியம் இருக்கிறது; உலகச் சுகாதார நிறுவனம் ஒருவருக்கு ஒரு நாளைக்கு 2000 மில்லிகிராமுக்குள் நிறுத்தச் சொல்கிறது. மேலே சொன்ன அளவில் இரண்டு மேசைக்கரண்டி சேர்கிறது, அதை நான்கு பேர் பகிர்ந்தால் தாளலாம். அதற்குமேல் உப்பும் போட்டு, சில்லி சாஸும் ஊற்றினால் கணக்கு எங்கோ போய்விடும். ஆப்ப சோடாவிலும் சோடியம் உண்டு என்பதால் அலசுவதில் சோம்பல் கூடாது. அலசாவிட்டால் சோப்பு வாடை வேறு வரும்.

வைகைக்கரை எழுதியது:

அனைவருக்கும் நன்றி. இரண்டு ஞாயிறுகள் கழித்து எழுதுகிறேன்.

முதல் வாரம் திருமங்கலத்து நண்பரின் முறை. வெள்ளிக்கிழமையே பின்னந்தொடையில் முழுச் சதையாக வாங்கி, ஞாயிற்றுக்கிழமை வரை குளிரில் வைத்து, பெரியவர் சொன்னபடி உறைபெட்டியில் இறுக வைத்துச் சீவினேன். நாரின் போக்கைக் கண்டுபிடிக்கவே எனக்கு ஐந்து நிமிடம் ஆயிற்று. துண்டின் நடுவில் அது திசை மாறுகிறது என்பதை யாரும் சொல்லவில்லை. அங்கே துண்டை இரண்டாகப் பிரித்து வேறு வாட்டத்தில் சீவ வேண்டியிருந்தது. தோசைக்கல்லில் முதல் இரண்டு ஈடும் ஓசை அடங்காமல் சிவந்து வந்தன. மூன்றாவது ஈட்டின்போது பிள்ளைகள் பசியென்று சுற்றி நின்றதால், அவசரத்தில் கல்லை மறுபடி காயவிடாமலே மீதி முழுவதையும் தட்டிவிட்டேன். பழைய சாம்பல் நிறத் தண்ணீர் வந்துவிட்டது. ஒரே சாப்பாட்டில் இரண்டு பக்குவமும் அருகருகே கிடந்ததால் தவறு எது என்பது நாவிலேயே தெரிந்தது.

காய்களில் எதிர்பாராத ஒரு சிக்கல். 1999 நவம்பர் 14 அன்று தமிழ்நாட்டிலேயே முதலாவதாகத் திறக்கப்பட்டது எங்கள் அண்ணா நகர் உழவர் சந்தை. அங்கே அதிகாலையில் வாங்கிய குடமிளகாய் பார்க்க அழகாக இருந்தாலும், வாடாமலிருக்கத் தெளித்த தண்ணீர் காம்புக் குழியில் தேங்கியிருந்ததைக் கவனிக்காமல் நறுக்கிவிட்டேன். அந்த ஈரமும் கல்லில்தான் இறங்கியது. இப்போது முதல் நாளே வாங்கித் துடைத்து வைத்துவிடுகிறேன்.

இரண்டாவது வாரம் பசுமலை அக்காவின் முறை. அன்று என் அம்மா வந்திருந்தார். இரண்டாம் முறை கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். எனக்கு முதல் வாரத்தின் முதல் ஈடுதான் பிடித்திருந்தது, வீட்டில் மற்ற மூவருக்கும் இரண்டாவது. இளைய மகளின் தட்டை இரண்டு வாரமும் சோதித்தேன். கறி எதுவும் ஒளிந்திருக்கவில்லை, பீன்ஸ்தான் ஒதுங்கியிருந்தது. ஒரு நிமிடம் வெந்நீரில் போட்டும் அது கடுக்கென்றே இருந்தது. முற்றல் என்று நினைக்கிறேன்.

நெல்பேட்டைவாசி எழுதியது:

நார் திசை மாறும் இடத்தைச் சொல்லாமல் விட்டது என் பிழைதான், தம்பி. தொடையில் இரண்டு தசைகள் சேரும் இடம் அது; நடுவே மெல்லிய வெள்ளைக் கோடு ஓடும். அடுத்த முறை வாங்கும்போது அந்தக் கோட்டோடு கத்தியை விட்டு இரண்டு கட்டியாகப் பிரித்துத் தரும்படி கடையில் கேளுங்கள். அதை மட்டும் அவர்கள் பிசகாமல் செய்து கொடுப்பார்கள்.